ஒருநாள் காமாலை

சென்னியப்பனுக்கு மஞ்சள் காமாலை வந்தது ஒரு வியாழக்கிழமை. மறுநாள் காலை பத்து மணிக்கெல்லாம் பூரணமாகக் குணமாகிவிட்டது. இப்படி ஒரு நோய் தனக்கு வந்துபோனது அவருக்கே பத்து நாள் கழித்துத்தான் தெரிய வந்தது. வக்கீல் தேவசேனாபதி சொல்லித் தெரிய வந்தது.

"எனக்கு எப்பங்க காமாலை வந்துச்சு?" என்று கேட்டார் சென்னியப்பன்.

"போன வியாழக்கெழமைக்கு முந்தின வியாழக்கெழமை" என்றார் வக்கீல். "கடுமையான காமாலை. படுத்த படுக்கை."

பக்கத்தில் உட்கார்ந்திருந்த கலாமணி தன் புருசனைத் திரும்பிப் பார்த்தாள். அந்த வியாழக்கிழமை ராத்திரி அவர் கையகலத் தோசை ஏழு தின்றது அவளுக்கு நன்றாக ஞாபகம் இருந்தது.

விசயம் இதுதான். கொன்னையாபுரத்தில் சென்னியப்பன் சின்னதாக ஒரு மஞ்சத்தூள் மில் வைத்திருந்தார். மில்லுக்குக் கலாமணி பெயர்தான். கல்யாணமான மறு வருசம், கையில் காசில்லாமல் கடனை வாங்கி மில்லைப் போட்டவர், பெயர்ப் பலகைக்கு மட்டும் தனியாகச் சேர்த்துவைத்து எழுதினார். 'பேரைப் பாத்துட்டே அரைச்சா அலுப்புத் தெரியாது புள்ள' என்பார். பிள்ளைகள் இல்லாத வீட்டில் மில்தான் பிள்ளை. சாயங்காலம் வீட்டுக்கு வந்தால் தலைமுடி, புருவம், காது மடல், நகக்கண் எல்லாம் மஞ்சளாக நிற்பார். அவரைத் தேய்த்துக் குளிக்க வார்த்து உள்ளே இருக்கிற ஆளைக் கண்டுபிடிப்பது கலாமணியின் அன்றாட வேலை. சோப்புப் போட்டால் சோப்புதான் மஞ்சளாகுமே தவிர அவர் வெளுக்கமாட்டார்.

மசாலா கம்பெனி லோகநாதன் அவரிடம் ஏழு டன் தூள் எடுத்தான். எட்டு லட்சத்து நாற்பதாயிரத்துக்குச் செக் கொடுத்தான். கொடுக்கும்போது, "செக்குன்னா வெறும் காயிதம்னு நெனைக்காதீங்கண்ணா, என்ர நாக்கு" என்றான். பேங்கில் போட்டபோது அந்த நாக்கு, கணக்கில் பணமில்லை என்ற சீட்டோடு திரும்பி வந்தது. அந்தப் பணத்தை நம்பித்தான் சென்னியப்பன் மில்லை அதே பேங்கில் அடமானம் வைத்து மஞ்சள் கொள்முதல் செய்திருந்தார். செக் பாஸானால் மில் மிஞ்சும். இல்லாவிட்டால் ஏலம்.

அதனால்தான் வக்கீலிடம் வந்தார்கள். தேவசேனாபதி மகிழ்ச்சியோடு வரவேற்றுக் காபி வாங்கித் தந்தார். செக் கேஸ் என்றாலே அவருக்கு ஒரு தெளிவு வந்துவிடும்.

"சட்டம் இதுல ரொம்பக் கறாருங்கண்ணா. செக் திரும்பி முப்பது நாளுக்குள்ள நாம நோட்டீஸ் விடணும். நோட்டீஸ் கையில கெடைச்சதிலிருந்து பதினஞ்சு நாள் லோகநாதன் யோசிப்பாரு. யோசிச்சும் குடுக்கலீன்னா, அப்புறம் ஒரு மாசத்துக்குள்ள நாம வழக்குப் போடணும். முன்னாடியே போட்டா அவசரக்காரன்னு திருப்பிருவாங்க. ஒரு நாள் பின்னாடி போட்டாலும் சோம்பேறின்னு தள்ளிருவாங்க."

"கரெக்டா போட்டா என்னாகுமுங்க?" என்று கேட்டாள் கலாமணி.

"கரெக்டா போட்டா வாய்தா குடுப்பாங்க."

நோட்டீஸ் போனது. லோகநாதன் பதினைந்து நாள் யோசித்தான். பிறகு வழக்குப் போட வேண்டிய ஒரு மாதம் தொடங்கியது. சென்னியப்பன் முதல் நாளே போய் நின்றார். வக்கீல் சிரித்து அனுப்பிவிட்டார். "சட்டம் ஒரு மாசம் குடுத்திருக்குதுங்க. அதைய முழுசா அனுபவிக்கறது கட்சிக்காரரோட உரிமை. நாமளா ஏன் விட்டுக்குடுக்கணும்?"

இப்படி உரிமையை விட்டுக்கொடுக்காமல் கடைசி நாளான வியாழக்கிழமை மதியம் கோர்ட்டுக்குப் போனார்கள். அது செக் வழக்குகளுக்கென்றே திறக்கப்பட்ட விரைவு நீதிமன்றம். வாசலில் 'விரைவு' என்ற எழுத்து மட்டும் மழையில் கரைந்து போயிருந்தது. வக்கீலின் குமாஸ்தா அவினாசி வழக்குக் கட்டைத் தூக்கிக்கொண்டு கவுண்டருக்குப் போனபோது மணி ஒன்று முப்பத்தைந்து. கவுண்டருக்கு முன்னால் ஆளில்லை, வரிசையில்லை, எழுத்தர் முத்திரையைக் கையில் எடுத்தே விட்டார்.

கலாமணிதான் ஓடிப்போய் அவினாசியின் கையைப் பிடித்தாள். "வேண்டாங், இப்பத்தான் ராகுகாலம் பொறந்திருக்குது. என்ர பேர்ல இருக்கற மில்லுங். மூணு மணி ஆகட்டும்."

எழுத்தர் முத்திரையைக் கீழே வைத்தார். அவர் முகம் மலர்ந்தது. "அம்மிணிக்கு இருக்கற பொறுப்பு இங்க வக்கீலுக யாருக்காச்சும் இருக்குதா? ராகுகாலத்துல நம்பர் போட்ட கேஸு ஒண்ணும் வெளங்கினதில்லீங். நானே சொல்லலாம்னுதான் நெனைச்சேன். கவர்மென்ட் ஆளு வாயத் தொறக்கக்கூடாது பாருங்" என்று சொல்லிவிட்டுச் சாப்பிடப் போனார்.

மூன்று மணிக்குக் கவுண்டர் பூட்டியிருந்தது. எழுத்தர் மாமியார் ஊர்க் கிடாவெட்டுக்கு அரை நாள் லீவு போட்டுப் போயிருந்தார். மறுநாள் காலை பத்து மணிக்கு வந்து, வயிறு நிறைந்த திருப்தியோடு, வெள்ளிக்கிழமைத் தேதி போட்டு முத்திரை குத்தினார். பத்து நாள் கழித்து அந்தக் கட்டு சிவப்பு மையில் இரண்டு வரியோடு திரும்பி வந்தது: 'ஒரு நாள் தாமதம். போதிய காரணம் காட்டவும்.'

"நடந்ததையே எழுதிருங் சார். ராகுகாலம்னு" என்றாள் கலாமணி.

தேவசேனாபதி அதிர்ந்து போனார். "கோர்ட்டுல போயி ராகுகாலமா? அது அறிவுபூர்வமான எடம்மா. நம்ம மாஜிஸ்ட்ரேட் ஐயா வெள்ளிக்கெழமையானா பன்னண்டு மணிக்கு ராகுகாலம் முடிஞ்சுதான் பெஞ்சுல ஏறுவாரு. அவருகிட்ட போயி இப்படிச் சொன்னா மூடநம்பிக்கைன்னு எரிஞ்சு விழுந்துருவாரு."

"அப்ப எழுத்தர் கெடாவெட்டுக்குப் போனதை எழுதுங்."

"அவருகிட்டத்தான நாளைக்கும் நாம முத்திரை வாங்கோணும்?"

அவினாசி பீரோவைத் திறந்து ஒரு கட்டை எடுத்தான். எல்லாம் ஏற்கெனவே அச்சடித்த பிரமாணப் பத்திரம். பெயருக்கும் தேதிக்கும் மட்டும் இடம் விட்டிருந்தது. நடுவில் கறுப்பு எழுத்தில், 'மனுதாரர் கடுமையான மஞ்சள் காமாலை நோயால் பாதிக்கப்பட்டுப் படுத்த படுக்கையாக இருந்தபடியால்' என்று இருந்தது.

"ஏனுங், வேற ஏதாச்சும் சின்ன நோவா இல்லீங்களா? தலைவலி, வயித்துவலி…" என்றார் சென்னியப்பன்.

"தலைவலின்னா மாத்தரை போட்டுட்டு வர்றதுதானேம்பாங்க. வயித்துவலின்னா ஸ்கேன் கேப்பாங்க. நெஞ்சுவலின்னா எப்படி இன்னும் உசுரோட இருக்கறேன்னு கேப்பாங்க" என்றான் அவினாசி. "காமாலைதானுங்கண்ணா நாணயமான நோவு. பத்தியம் இருந்தேன், கீழாநெல்லி குடிச்சேன்னு சொல்லிக்கலாம். எதிர்த்தரப்பும் ரொம்ப மல்லுக்கு நிக்கமாட்டாங்க. அவங்களுக்கும் ஒரு நாள் வேண்டியிருக்குமில்லீங்?"

"நல்லாருக்கற மனுசனுக்கு நோவுன்னு எழுதிக் கையெழுத்து வாங்கறீங்களே, உங்களுக்கே நல்லாருக்குதா?" என்றாள் கலாமணி.

"இது சட்டத்துக்கு வந்த நோவும்மா. ஒடம்புக்கு வராது" என்று ஆறுதல் சொன்னார் வக்கீல்.

அன்று ராத்திரி கலாமணி உப்பும் மிளகாயும் எடுத்துப் புருசனுக்கு மூன்று சுற்றுச் சுற்றி அடுப்பில் போட்டாள். "சட்டத்துல வந்தது சட்டத்தோட போகட்டும்" என்றாள்.

"பேசாம இரு புள்ள. ஒரு நாள் காமாலைதான? நான் தாங்கிக்குவேன்" என்று சிரித்தார் சென்னியப்பன்.

கோர்ட்டுக்கு எதிரில் டாக்டர் பரமேஸ்வரனின் கிளினிக். அங்கே ஊசி கிடையாது, மாத்திரை கிடையாது, நல்ல பிரிண்டர் இருந்தது. முந்நூறு ரூபாய்க்கு ஒரு நாள் காமாலை. ஒரு வாரம் வரைக்கும் அதே ரேட்தான். "ஒரு வாரமாவே வாங்கிக்குங்க, லாபம்" என்றார் டாக்டர். சென்னியப்பன் நியாயஸ்தர், தேவைக்கு மேல் வாங்கவில்லை.

மனு மாஜிஸ்ட்ரேட் முன்னால் வந்தபோது லோகநாதன் வெள்ளை வேட்டியில், கையில் கயிறோடு, பயபக்தியாக நின்றான். மாஜிஸ்ட்ரேட் கண்ணாடியைக் கழற்றிச் சென்னியப்பனைப் பார்த்தார்.

"ஒரு நாள்தானேன்னு வந்து நிக்கறீங்க. ஒரு நாள்னா என்னன்னு தெரியுமா? அன்னைக்கு ராத்திரி பன்னண்டு மணிக்கு இந்த எதிர்மனுதாரர் என்ன நெனைச்சுப் படுத்திருப்பாரு? சட்டம் குடுத்த கெடு முடிஞ்சுது, இனி நமக்குத் தொந்தரவில்லைன்னு நிம்மதியாத் தூங்கியிருப்பாரு. மறுநாள் காலையில நீங்க வந்து அந்தத் தூக்கத்தைக் கெடுத்துட்டீங்க. அந்த நிம்மதியை இந்த நீதிமன்றத்தால திருப்பிக் குடுக்க முடியுமா? காலத்தோட அருமை தெரியாத சமுதாயம் எப்படி முன்னேறும்?" என்று கேட்டுவிட்டு, வழக்கை நான்கு மாதம் தள்ளிவைத்தார்.

லோகநாதனின் கண்கள் கலங்கியிருந்தன. தன் தூக்கத்தைப் பற்றி இதற்கு முன் யாரும் இவ்வளவு அக்கறையாகப் பேசியதில்லை.

ஒரு நாள் தாமதத்தை எதிர்த்துப் பதில் மனுப் போட லோகநாதனின் வக்கீலுக்குப் பதினோரு மாதம் ஆனது. அந்தப் பதினோரு மாதத் தாமதத்தை மன்னிக்கச் சொல்லி அவர் ஒரு மனுக் கொடுத்தார். மாஜிஸ்ட்ரேட் வாங்கிப் பார்த்தார்.

"என்ன காரணம்?"

"எனக்குக் காமாலைங்க ஐயா."

"ஒடம்பைப் பாத்துக்குங்க வக்கீலே" என்று அங்கேயே மன்னித்து விட்டார்.

கலாமணிக்குப் புரியவில்லை. வெளியே வந்து தேவசேனாபதியிடம் கேட்டாள். "எங்க ஒரு நாளுக்கு இத்தனை பேச்சு. அவருக்குப் பதினோரு மாசம், ஒத்தச் சொல்லுல முடிஞ்சுபோச்சுங்களே?"

"அது நடுவுல வந்த தாமதம்மா. உங்களுது ஆரம்பத் தாமதம். உள்ள வர்றதுக்குத்தான் கெடு. உள்ள வந்துட்டா யாரும் யாரையும் அவசரப்படுத்தமாட்டாங்க."

பேங்குக்கு இந்தச் சௌகரியம் தெரியவில்லை. மூன்றாம் வருசம் மில்லை ஏலத்தில் விட்டது. எடுத்தவன் லோகநாதன். செக்கை பேங்க் நம்பாது என்பதால் டிமாண்ட் டிராஃப்டாகக் கட்டினான். பெயர்ப் பலகையை மட்டும் கழற்றவில்லை. "ராசியான பேருங்கண்ணா, இருந்துட்டுப் போவட்டும்" என்றான். தொழில் தெரிந்த ஆள் வெளியில் போகக்கூடாது என்று பெரிய மனசு பண்ணிச் சென்னியப்பனையே தினக்கூலிக்கு வைத்துக்கொண்டான்.

"அவன்கிட்டயா போகப் போறீங்க?" என்று கலாமணி அழுதாள்.

"மெசினு எங்கிட்ட பழகுன மெசினு புள்ள. வேற ஆளு தொட்டா பெல்ட்டு அந்துரும். அதுமில்லாம, தலைக்கு மேல உன்ர பேரு இருக்குதில்ல?" என்றார் அவர்.

வாய்தா நாளில் முதலாளியும் ஆளும் ஒரே காரில் கோர்ட்டுக்குப் போவார்கள். கலாமணி பஸ்ஸில் சோற்றுப் பையோடு வந்து சேருவாள். கோர்ட்டில் லோகநாதனும் சென்னியப்பனும் எதிரெதிரே நிற்பார்கள். அடுத்த தேதி வாங்கிக்கொண்டு திரும்பி அதே காரில் மில்லுக்குப் போவார்கள். போகும் வழியில் லோகநாதன் வருத்தத்தோடு சொல்வான்: "அண்ணா, இன்னைக்கு அரை நாள்தான் வேலை. அரைக் கூலிதான் வரும். நீங்க போட்ட கேஸுதான, நான் என்ன பண்றது?"

நான்காம் வருசம் அந்த ஒரு நாள் மனுவுக்கு விசாரணை வந்தது. முதல் நாள் சாயங்காலம் தேவசேனாபதி கூப்பிட்டுவிட்டார். "புது மாஜிஸ்ட்ரேட். கண்ணால பாத்தாத்தான் நம்புவாரு. அதனால நாளைக்குக் குளிக்காதீங்க. கை கழுவாதீங்க. மில்லுல இருந்து நேரா வந்துருங்க."

சென்னியப்பன் அப்படியே வந்து கூண்டில் ஏறினார். தட்டினால் தூள் கொட்டும் போலிருந்தார்.

"கையை நீட்டுங்க" என்றார் மாஜிஸ்ட்ரேட். நீட்டினார். மாஜிஸ்ட்ரேட் எட்டிப் பார்த்தார். 'சாட்சி மஞ்சளாக இருக்கிறார்' என்று தட்டச்சுக்காரரை அடிக்கச் சொன்னார்.

லோகநாதனின் வக்கீல் துள்ளி எழுந்தார். "ஐயா, அது மஞ்சத்தூள்! அந்த ஆளு மஞ்ச மில்லுல வேலை செய்யறாரு!"

"யார் மில்லுல?"

"எங்க கட்சிக்காரர் மில்லுலதாங்க ஐயா."

மாஜிஸ்ட்ரேட் அதில் ஒன்றும் விசேஷம் காணவில்லை. "நோய் மஞ்சளா, தொழில் மஞ்சளாங்கறது நிபுணர் சொல்ல வேண்டிய விசயம். டாக்டருக்குச் சம்மன் அனுப்புங்க" என்றார். சம்மன் சாலையைக் கடந்து எதிர்க் கிளினிக்குக்குப் போய்ச்சேர எட்டு மாதம் ஆனது.

டாக்டர் பரமேஸ்வரன் கூண்டில் ஏறி உண்மையைத் தவிர வேறெதுவும் சொல்வதில்லை என்று சத்தியம் செய்தார். செய்தபடியே நடந்துகொண்டார்.

"அந்த மாசம் எத்தனை காமாலைக்காரங்களுக்குச் சர்டிபிகேட் குடுத்தீங்க?" என்று குறுக்கு விசாரணை.

"இந்தக் கோர்ட்டுக்கு மட்டும் நாப்பத்தாறு பேருக்கு."

"எத்தனை பேர் பொழைச்சாங்க?"

"அத்தனை பேரும். மனுத் தாக்கல் பண்ற அன்னைக்குக் காலையில எல்லாருக்கும் சரியாயிரும். என் கைராசி அப்படி" என்றார் டாக்டர் அடக்கமாக.

இந்த வாக்குமூலம் எப்படியோ சுகாதாரத் துறைக்குப் போனது. ஒரே வளாகத்தில் ஒரு மாதத்தில் நாற்பத்தாறு காமாலை என்றதும் அதிகாரிகள் கதிகலங்கிப் போனார்கள். அவசரக் கூட்டம் கூட்டினார்கள். கோர்ட் வளாகத்தைக் காமாலை பாதித்த பகுதி என்று அறிவித்து, வாசலில் ஒரு பெரிய சிமெண்டுத் தொட்டி கட்டி, குழாய் வைத்து, ரிப்பன் வெட்டினார்கள். சுகாதார அதிகாரி பேசும்போது, "இனி இந்த நீதிமன்றத்துக்கு வருகிற ஒரு ஏழைக்குக்கூடக் காமாலை வராது என்று உறுதி கூறுகிறேன்" என்றார். மாஜிஸ்ட்ரேட் வீட்டிலிருந்து கொண்டுவந்த பாட்டில் தண்ணீரைக் குடித்துவிட்டு நன்றி சொன்னார்.

அதன்பின் தொட்டியை யாரும் கழுவவில்லை. தொட்டியைக் கழுவுவது கோர்ட்டா, சுகாதாரத் துறையா என்று ஒரு கோப்பு நடந்துகொண்டிருந்தது. வாய்தாவுக்கு வருகிறவர்கள் வெயிலில் காத்துக் கிடந்து அந்தத் தண்ணீரைத்தான் குடித்தார்கள். சென்னியப்பனுக்கு அது பிடித்துப்போய்விட்டது. "நல்லா குளுகுளுன்னு இருக்குது புள்ள" என்று இரண்டு செம்பு குடிப்பார்.

ஆறாம் வருசம் மாசியில் அவருக்குச் சோறு இறங்கவில்லை. எண்ணெய் வாசம் பட்டாலே குமட்டினார். மில்லில் உட்கார்ந்த இடத்திலேயே தூங்கினார். லோகநாதன் அதற்கும் கூலியில் பிடித்தான். கலாமணி சாயங்காலம் தேய்த்துக் குளிக்க வார்த்தாள். மஞ்சள் போகவில்லை. இன்னும் கொஞ்சம் அழுத்தித் தேய்த்தாள். பத்து நாள் அப்படித் தேய்த்தாள்.

"வலிக்குது புள்ள."

"இந்த மஞ்ச என்னுங்க இப்படிப் புடிச்சிருக்குது? புது ரகமா?"

பதினோராம் நாள், மில் லீவு, அவர் காலையில் எழுந்து வாசலில் வெளிச்சத்தைப் பார்த்து நின்றார். கலாமணி எதேச்சையாக அவர் முகத்தைப் பார்த்தாள். கண்ணின் வெள்ளை விழி முழுக்க மஞ்சள். கண்ணுக்குள் தூள் போகாது என்பது அவளுக்கு அப்போதுதான் உறைத்தது. கையிலிருந்த சீயக்காய்க் கிண்ணத்தைப் போட்டுவிட்டு அவரை இழுத்துக்கொண்டு ஓடினாள். அவளுக்குத் தெரிந்த காமாலை டாக்டர் ஒருவர்தான்.

டாக்டர் பரமேஸ்வரன் நிமிர்ந்து பார்க்காமல் பிரிண்டரைத் தட்டினார். "எத்தனை நாளைக்கு வேணும்?"

"சார், காமாலை சார்…"

"தெரியும்மா. எத்தனை நாளைக்கு? எந்தத் தேதியில இருந்து?"

"சர்டிபிகேட் வேண்டாங் சார். மருந்து வேணும்!"

"மருந்தா?" டாக்டர் முதல்முறையாகத் தலையைத் தூக்கினார். சென்னியப்பனைப் பார்த்தார். ஏதோ படித்தது ஞாபகம் வருகிற மாதிரி நெற்றியைச் சுருக்கினார். "அட, நெசமாவே மஞ்சளா இருக்காரே! என்கிட்ட எதுக்கும்மா கூட்டியாந்த? இது சீரியஸ் கேஸ். பெரியாஸ்பத்திரிக்குக் கொண்டுபோ" என்றார். பழகிய ஆள் என்பதால் பீஸ் வாங்கவில்லை.

பெரியாஸ்பத்திரியில் ஈரல் கெட்டுவிட்டது என்றார்கள். பத்து நாள் முன்னால் வந்திருக்கலாம் என்றார்கள். கலாமணி தன் இரண்டு உள்ளங்கையையும் பார்த்துக்கொண்டு நின்றாள்.

அந்த வாரம்தான் உத்தரவு தேதி. வரவில்லையென்றால் மனுவே போய்விடும் என்று அவினாசி போன் செய்தான். கலாமணி பக்கத்துப் படுக்கைக்காரியிடம் அவரைப் பார்த்துக்கொள்ளச் சொல்லிவிட்டு மருந்துப் பையோடு பஸ் ஏறினாள்.

கோர்ட்டில் டவாலி மூன்று முறை பெயரைக் கூப்பிட்டார். தேவசேனாபதி எழுந்தார். "ஐயா, மனுதாரர் வர முடியல. மஞ்சள் காமாலை. ஆஸ்பத்திரியில இருக்காரு."

மாஜிஸ்ட்ரேட் பேனாவை வைத்தார். "மறுபடியுமா? ஏன் வக்கீலே, ஆறு வருசத்துல ஒரு புது நோய்கூடக் கண்டுபிடிக்க முடியலையா உங்களால?"

கோர்ட்டே சிரித்தது. எழுத்தர் சிரித்தார், டவாலி சிரித்தார், லோகநாதன் வாயைத் துண்டால் மூடிக்கொண்டு சிரித்தான். தேவசேனாபதியும் மரியாதைக்குக் கொஞ்சம் சிரித்தார். கலாமணி கடைசி பெஞ்சு ஓரத்தில் மருந்துப் பையை மார்போடு அணைத்துக்கொண்டு நின்றாள்.

பிறகு மாஜிஸ்ட்ரேட் உத்தரவை வாசித்தார். மனுதாரர் நோயால் பாதிக்கப்பட்டது திருப்திகரமாக நிரூபிக்கப்பட்டிருக்கிறது. ஒரு நாள் தாமதம் மன்னிக்கப்படுகிறது. ஆனால் எதிர்மனுதாரருக்கு ஏற்பட்ட மனவேதனைக்கு ஈடாக மனுதாரர் அவருக்கு ஏழு நாளுக்குள் இரண்டாயிரம் ரூபாய் செலவுத் தொகை கொடுக்க வேண்டும். தவறினால் மனு தானாகவே தள்ளுபடி.

கலாமணி ஆஸ்பத்திரிக்குத் திரும்பி ஓடினாள். அவர் காதருகே குனிந்தாள். "மாமா, ஜெயிச்சுட்டோம்."

அவர் கண்ணைத் திறந்தார். "பணம் வந்துருச்சா?"

"அந்த ஒரு நாளை மன்னிச்சுட்டாங்க மாமா."

"அப்ப கேஸு?"

"இனித்தான் நம்பர் போடுவாங்களாம்."

"ராகுகாலம் பாத்துப் போடச் சொல்லு" என்றார். சிரிப்புக்குச் சொன்னாரா, நிஜமாகவே சொன்னாரா என்று அவளுக்குத் தெரியவில்லை. இரண்டாயிரத்தைப் பற்றி அவள் வாயைத் திறக்கவில்லை.

நான்காம் நாள் தேவசேனாபதி நல்லெண்ணத்தோடு தன் சொந்தச் செக் ஒன்றை இரண்டாயிரத்துக்கு எழுதி எதிர்த்தரப்புக்கு அனுப்பினார். லோகநாதன் இரண்டு கையையும் கூப்பி மறுத்துவிட்டான். "செக்கெல்லாம் வேண்டாங்க. நாளைக்குப் பாஸாகலீன்னா நான் எங்க போயி அலையறது? காலம் கெட்டுக் கெடக்குது. ரொக்கமா அக்காவையே கொண்டாரச் சொல்லுங்."

ஐந்தாம் நாள் விடியலில் சென்னியப்பன் போய்விட்டார். குளிப்பாட்டும்போது கலாமணி மட்டும் மெல்லத் தேய்த்தாள். மஞ்சளோடுதான் அனுப்பினார்கள். லோகநாதன் பெரிய மாலை கொண்டுவந்து போட்டு, அன்று மில்லுக்கு லீவு விட்டு, ஆட்களுக்கு அரைக் கூலி கொடுத்தான். மூன்றாம் நாள் காரியம் உத்தரவின் ஏழாம் நாளில் வந்து விழுந்தது. அன்று அவள் கழுத்துக் கயிற்றைக் கழற்றினார்கள். வீட்டை விட்டு அவள் வெளியே வர முடியவில்லை.

எட்டாம் நாள், முந்தானையில் நான்கு ஐந்நூறு ரூபாய் நோட்டை முடிந்துகொண்டு கோர்ட்டுக்கு வந்தாள். வராண்டாவில் லோகநாதன் நின்றான். நோட்டை நீட்டினாள். அவன் பின்வாங்கினான்.

"நேத்தே குடுத்திருக்கோணுங்க்கா. இன்னைக்கு நான் வாங்குனா சட்டப்படி தப்பாயிரும். எனக்கு ஆசைதான், ஆனா சட்டம்னு ஒண்ணு இருக்குதில்லீங்?" என்றான். அவன் குரல் உண்மையாகவே தழுதழுத்தது. எட்டு லட்சத்து நாற்பதாயிரத்தோடு சேர்த்து ஒரு மனுவும் அன்று அவனுக்கு மிச்சம்.

தேவசேனாபதி தலையில் கைவைத்துக்கொண்டார். "ஒரு நாளும்மா! மறுபடியும் ஒரே ஒரு நாள்! முன்னாடியே சொல்லியிருக்கக்கூடாதா?"

"நேத்து அவருக்குக் காரியங் சார்."

"எனக்குத் தெரியும்மா. கோர்ட்டுக்குத் தெரியணுமில்ல? அவர் செத்துட்டாருன்னு எழுதினா இறப்புச் சான்று கேப்பாங்க. அதுக்கப்புறம் வாரிசுச் சான்று கேப்பாங்க. அதெல்லாம் வர்றதுக்குள்ள ஒரு நாள் தாமதம் ஆறு மாசத் தாமதமாயிரும். சாவை நிரூபிக்கறது லேசில்லம்மா" என்ற வக்கீல், அவினாசியைப் பார்த்தார். அவினாசி ஏற்கெனவே பீரோவைத் திறந்திருந்தான். அதே அச்சு, அதே கறுப்பு எழுத்து. பெயர் எழுத விட்ட இடத்தில் 'கலாமணி' என்று எழுதி, தேதிக்கு நேற்றைப் போட்டு அவள் முன்னால் வைத்தான்.

"இங்க ஒரு கையெழுத்துங்க்கா."

"எனக்குங்களா?" என்றாள் அவள்.

"ஆமாங். நேத்து உங்களுக்குக் காமாலை. படுத்த படுக்கை. டாக்டர்கிட்ட சொல்லிட்டேன், முந்நூறுதான், இன்னும் ரேட்டு ஏத்தல."

கலாமணி கையெழுத்துப் போட்டாள். மில் அவள் பெயரில்தான் இன்னும் ஓடிக்கொண்டிருந்தது.

காகிதத்தை வாங்கிய அவினாசி அவளை ஏற இறங்கப் பார்த்தான். நெற்றியைப் பார்த்தான். கழுத்தைப் பார்த்தான். கையைப் பார்த்தான். அவனுக்குத் தொழில் கவலை வந்துவிட்டது.

"அக்கா, ஒண்ணுங். இந்த மாஜிஸ்ட்ரேட் ஐயா கையை நீட்டச் சொல்லிப் பாக்கறவரு. நீங்க வெளுத்துப்போயி வந்து நின்னா நம்பமாட்டாரு. விசாரணைக்கு வர்ற அன்னைக்கு…" என்று குரலைத் தாழ்த்தினான். "கொஞ்சம் மஞ்ச மட்டும் பூசிட்டு வந்துருங்."

கலாமணி மேசை மேலிருந்த தன் கைகளைப் பார்த்தாள். நேற்றுத்தான் பங்காளி வீட்டுப் பெண்கள் ஐந்து பேர் சுற்றி உட்கார்ந்து, துளி மஞ்சள் மிஞ்சாமல், தேய்த்துத் தேய்த்துக் கழுவிவிட்ட கைகள்.